ஜெர்மானியச் சிவப்புக் கோஸ்: வேலூர் அடுப்பில் நிறம் மாறாமல் சமைக்கும் முறை

காட்பாடியில் நாங்கள் முன்பு குடியிருந்த வாடகை வீட்டின் சமையலறைக் குழாயில் போர்த் தண்ணீர்தான் வரும். அந்தத் தண்ணீரை ஊற்றித்தான் ஜெர்மானியர்களின் சிவப்புக் கோஸை நான் முதன்முதலாகச் சமைத்தேன். புளிப்பு கூடிவிடுமோ என்று பயந்து, வினிகரைக் கடைசியில் ஊற்றிக்கொள்ளலாம் என்று ஒதுக்கி வைத்திருந்தேன். அடுப்பில் ஏற்றும்போது கத்தரிப்பூ நிறத்தில் இருந்த கோஸ், அரை மணி நேரத்தில் நீலமாகி, ஓரங்களில் பச்சை தட்டத் தொடங்கியது. எட்டிப் பார்த்த என் மாமியார், “என்னம்மா இது, வேட்டிக்குப் போடற சொட்டு நீலம் மாதிரி இருக்கே!” என்றார். உப்பும் இனிப்பும் சரியாகத்தான் இருந்தன. ஆனாலும் அந்த நிறத்தைப் பார்த்த பிறகு யாரும் தட்டை நீட்டவில்லை.

சிவப்புக் கோஸின் நிறத்துக்குக் காரணம் ஆந்தோசயனின் என்னும் நிறமி. நாவல்பழத்திலும் கருப்புத் திராட்சையிலும் இருப்பது இதே குடும்பத்தைச் சேர்ந்த நிறமிதான். புளிப்பு மிகுந்த நீரில் அது சிவக்கும். புளிப்பும் காரமும் இல்லாத நீரில் ஊதாவாக இருக்கும் (இங்கே காரம் என்பது மிளகாயின் உறைப்பு அன்று; புளிப்புக்கு எதிரான, சோடா உப்பில் இருப்பது போன்ற தன்மை). காரத்தன்மை ஏற ஏற நீலமாகிப் பிறகு பச்சையாகும். நம் பகுதிப் போர்த் தண்ணீரைக் கொதிக்கவைத்தால் பாத்திரத்தின் உட்புறத்தில் வெள்ளைப் படலம் படிவதைப் பார்த்திருப்பீர்கள். அது தண்ணீரில் கரைந்துள்ள பைகார்பனேட் உப்புகள் சுண்ணாம்பாகப் பிரிந்து படிவதால் உண்டாவது. கொதிக்கும்போது தண்ணீரின் காரத்தன்மையும் சற்றே உயர்கிறது. ஆகவே இந்த உணவை வேலூர்ப் பக்கம் சமைப்பவர் முதலில் கவனிக்கவேண்டியது மசாலாவை அன்று, தண்ணீரையும் புளிப்பையும்தான். காவிரிக் குடிநீரோ, வடிகட்டிய தண்ணீரோ, கேன் தண்ணீரோ எது கிடைக்கிறதோ அதைப் பயன்படுத்துங்கள். போர்த் தண்ணீரைக் கோஸ் கழுவுவதோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

ஜெர்மனியிலேயே இந்தக் கோஸுக்கு இரண்டு நிறங்களில் பெயர் உண்டு. வடக்கே ‘ரோட்கோல்’ என்பார்கள். ‘ரோட்’ என்றால் சிவப்பு. தெற்கே பவேரியாவில் அதே காயை ‘பிளௌக்ரௌட்’ என்பார்கள். ‘பிளௌ’ என்றால் நீலம். வடக்கத்தியர் வினிகரும் ஆப்பிளும் தாராளமாகச் சேர்த்துச் சமைப்பதால் சிவப்பாகவும், தெற்கே புளிப்பு குறைந்து இனிப்பு தூக்கலாக இருப்பதால் நீலம் கலந்த ஊதாவாகவும் வருவதே இதற்குக் காரணம் என்று சொல்வது வழக்கம். கோஸ் விளையும் மண்ணும் நிறத்தை மாற்றும்; அமிலத்தன்மை கொண்ட மண்ணில் சிவப்பும், காரத்தன்மை கொண்ட மண்ணில் நீலமும் ஓங்கும். என் முதல் முயற்சியைப் பவேரிய முறை என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். அன்று எனக்கு இது தெரியாது.

இது பொரியல் அன்று. தேங்காய் தூவி, பச்சை வாசனை போனதும் இறக்கிவிடும் நம் முட்டைக்கோஸ் பொரியலை நினைத்துக்கொண்டு இதை அணுகினால் ஏமாற்றமே மிஞ்சும். நவம்பர் 11 அன்று வரும் புனித மார்ட்டின் நாளிலும், கிறிஸ்துமஸ் விருந்திலும், வாட்டிய வாத்து, பெருவாத்து போன்ற கொழுப்பு மிகுந்த இறைச்சிக்குப் பக்கத்தில் ஜெர்மானியர்கள் இதை வைக்கிறார்கள். கொழுப்பின் திகட்டலை முறிப்பதுதான் இதன் வேலை. ஆம்பூர் பிரியாணிக்குப் பக்கத்தில் புளி சேர்த்த எண்ணெய்க் கத்தரிக்காய் வைப்பது எதற்காகவோ அதற்காகத்தான் இதுவும். பிரியாணிக் கத்தரிக்காயில் புளி குறைந்தால் நம் ஊர்க்காரர் எப்படி முகம் சுளிப்பாரோ, அதே அளவுகோலை இந்தக் கோஸுக்கும் வைத்துப் பாருங்கள். புளிப்பு, இனிப்பு, உப்பு மூன்றும் நாக்கில் தனித்தனியே தெரியவேண்டும். மசாலா மணம் அவற்றுக்குப் பின்னால் மெல்ல வரவேண்டும்.

ஆறு பேருக்குச் சமைக்க ஒரு கிலோ எடையுள்ள சிவப்புக் கோஸ் ஒன்று போதும். நீலகிரியிலிருந்தும் ஓசூர்ப் பக்கத்திலிருந்தும் வரும் இந்தக் கோஸ் வேலூர் நேதாஜி மார்க்கெட்டில் எல்லா நாளும் கண்ணில் படாது. பச்சைக் கோஸ் விற்பவரிடம் முன்கூட்டிச் சொல்லிவைத்தால் எடுத்துவைப்பார். கையில் தூக்கிப் பார்த்தால் அளவுக்கு மீறிய கனம் இருக்கவேண்டும். இரு கைகளாலும் அழுத்தினால் இலைகள் அமுங்காமல் கிறீச்சிட வேண்டும். வெட்டிப் பாதியாக வைத்திருப்பதை வாங்காதீர்கள். வெட்டிய முகம் காய்ந்து மணம் போயிருக்கும்.

மற்றவை: பெரிய வெங்காயம் இரண்டு, பச்சை ஆப்பிள் இரண்டு, நெய் இரண்டு மேசைக்கரண்டி, வினிகர் நான்கு மேசைக்கரண்டி, சர்க்கரை இரண்டு மேசைக்கரண்டி, கருப்புத் திராட்சைச் சாறு 150 மில்லிலிட்டர், தண்ணீர் 100 மில்லிலிட்டர், உப்பு ஒன்றரைத் தேக்கரண்டி, கிராம்பு நான்கு, பிரிஞ்சி இலை ஒன்று, மிளகு ஆறு, சுண்டுவிரல் நகம் அளவுக்குப் பட்டை. கிராம்பைப் பட்டை லவங்கம் என்று சேர்த்துக் கேட்டுப் பழகியவர்கள் லவங்கம் என்றே கேட்டு வாங்கலாம்.

இந்தப் பட்டியலில் சிலவற்றை நான் நம் ஊருக்கேற்ப மாற்றியிருக்கிறேன். ஜெர்மானிய வீடுகளில் பெருவாத்தின் கொழுப்பிலோ பன்றிக் கொழுப்பிலோ வெங்காயத்தை வதக்குவார்கள். அவை இல்லாதபோது ‘புட்டர்ஷ்மால்ட்ஸ்’ என்னும் உருக்கிய வெண்ணெயைப் பயன்படுத்துவார்கள். அது நம் நெய்யேதான், ஆகவே நெய் ஊற்றுவதில் சமரசம் ஒன்றும் இல்லை. அறுவடை முடிந்த வயல்களில் வாத்து மேய்ப்பவர்களிடம் கறிக்கு வாத்து வாங்கும் பழக்கம் உள்ளவர்கள், தோலடியிலுள்ள கொழுப்பை மெல்லிய தீயில் உருக்கி எடுத்து நெய்க்குப் பதிலாக ஊற்றினால் இன்னும் நெருங்கிய சுவை கிடைக்கும்.

ஆப்பிள் விஷயத்தில் சற்று நிதானம் தேவை. அங்கே போஸ்கோப் என்ற புளிப்பு ஆப்பிளை விரும்பிச் சேர்க்கிறார்கள். அது வெந்து கரைந்து, தன்னிடமுள்ள பெக்டின் என்னும் கூழ்ப்பொருளால் சாற்றைக் கெட்டிப்படுத்தும். நம் கடைகளில் அடுக்கிவைத்திருக்கும் சிவப்பு ஆப்பிள் பெரும்பாலும் இனிப்பு மட்டுமே தரும்; அதைப் போட்டால் உணவு சப்பென்று ஆகிவிடும். பச்சை ஆப்பிள் கிடைக்காத நாளில் சிவப்பு ஆப்பிளையே போட்டு, சர்க்கரையைப் பாதியாகக் குறைத்து, இறக்கும்போது அரை மூடி எலுமிச்சம்பழம் பிழிந்துவிடலாம். மாங்காய் போட்டாலென்ன என்று எனக்கும் தோன்றியது, போட்டும் பார்த்தேன். மாங்காயின் மணம் மற்ற எல்லாவற்றையும் அமுக்கிவிட்டது. அது நல்ல மாங்காய்க் கூட்டு, ஆனால் ஜெர்மானியக் கோஸ் அன்று.

சிவப்பு ஒயின் ஊற்றுவது அங்கே பரவலான வழக்கம். நம் வீடுகளில் பலர் அதை அடுப்படிக்குள் விடமாட்டார்கள் என்பதால் கருப்புத் திராட்சையை அரைத்து வடிகட்டிய சாற்றை ஊற்றச் சொல்கிறேன். பன்னீர்த் திராட்சை மணத்துக்கும் நிறத்துக்கும் மிகவும் பொருந்தும். விதையை நசுக்காமல் கையால் பிசைந்து வடிகட்டுங்கள்; மிக்சியில் விதை அரைபட்டால் துவர்ப்பு ஏறும். புளிக்கரைசல் ஊற்றலாமா என்று கேட்பவர்களுக்கு: திராட்சையிலும் புளியிலும் இருப்பது டார்டாரிக் அமிலம்தான், ஆகவே நிறம் நீலமாகாமல் புளி காப்பாற்றும், ஆனால் புளியின் பழுப்பு, கோஸின் சிவப்பைக் கலங்கலாக்கி, செம்மண் கரைத்ததுபோல் ஆக்கிவிடும். வினிகரே மேல்.

மசாலாவில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. ஜெர்மானியர் போடும் லாரல் இலையும் நம் பிரிஞ்சி இலையும் ஒன்றல்ல. அவர்களுடைய இலையில் நடுவே ஒரே நரம்பு ஓடும். நம்முடையதில் மூன்று நரம்புகள் நீளவாட்டில் ஓடும், மணமும் பட்டையைச் சார்ந்தது. ஆகவே பிரிஞ்சி இலை போட்டால் பட்டையை மிகக் குறைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் குஸ்கா வாசனை வந்துவிடும். ஜூனிப்பர் என்ற ஊசியிலைச் செடியின் காய்களையும் அங்கே நான்கைந்து நசுக்கிப் போடுவார்கள். அது இங்கே கிடைப்பதரிது. நாட்டு மருந்துக் கடையில் வால்மிளகு வாங்கி மூன்றை நசுக்கிப் போட்டால், கற்பூரச் சாயல் கொண்ட ஒரு குளிர்ந்த மணம் வருகிறது. ஜூனிப்பரின் அதே மணம் இல்லையென்றாலும் உணவுக்கு ஒத்துப்போகிறது. மூன்றுக்கு மேல் போனால் கஷாயம்.

பாத்திரம் அடிகனமான எவர்சில்வராக இருக்கட்டும். இரும்புக் கடாயும் பூச்சற்ற அலுமினியச் சட்டியும் கூடாது. புளிப்பு அவற்றை அரிப்பதோடு, கரைந்துவரும் உலோகம் நிறமியோடு சேர்ந்து கோஸைக் கருநீலமாகவோ சாம்பலாகவோ மாற்றிவிடும். புளிக்குழம்புக்கு நாம் மண்சட்டியைத் தேடுவதும் இதைப் போன்ற காரணத்தால்தான். பழக்கப்பட்ட மண்சட்டி இருந்தால் அதில் இந்தக் கோஸ் மிக அருமையாக வேகும். ஆனால் மீன்குழம்பு வைத்த சட்டி வேண்டாம். அதே காரணத்தால், பழைய இரும்பு அரிவாள்மனையில் நறுக்கினால் வெட்டிய முகங்களில் கருநீலத் தழும்பு விழும். எவர்சில்வர்க் கத்தியே நல்லது.

கோஸின் மேலிலைகள் இரண்டை உரித்து எறிந்துவிட்டு, நான்காகப் பிளந்து, நடுவிலுள்ள வெள்ளைத் தண்டைச் சாய்வாக வெட்டி எடுத்துவிடுங்கள். பிறகு ஒவ்வொரு கால்பங்கையும் தீக்குச்சிக் கனத்துக்கு நீள நீளமாக நறுக்கவேண்டும். பொரியலுக்கு நறுக்குவதுபோல் பொடியாக நறுக்கினால் ஒரு மணி நேர வேக்காட்டில் கூழாகிவிடும். தடிமனாக நறுக்கினால் வினிகரில் வேகாமல் ரப்பர்போல் இருக்கும். கைகளில் படியும் ஊதாக் கறையை எலுமிச்சம்பழத் தோலால் தேய்த்தால் அது முதலில் ரோஜா நிறமாகிப் பிறகு கழன்றுபோகும். வெள்ளைத் துணிகளை மட்டும் தள்ளியே வையுங்கள்.

நேரம் இருப்பவர்கள் நறுக்கிய கோஸில் உப்பு, சர்க்கரை, இரண்டு மேசைக்கரண்டி வினிகர் சேர்த்துப் பிசறி, மூடி, இரவு முழுவதும் ஊறவைக்கலாம். ஜெர்மனியில் பலர் அப்படிச் செய்கிறார்கள். அவர்களுக்குக் குளிர்ந்த நிலவறை இருக்கிறது. வேலூர் வெயிலுக்கு ஃபிரிட்ஜ் தவிர வேறு இடமில்லை. ஊறவைத்தால் இழைகள் தளர்ந்து, புளிப்பு உள்ளே இறங்கி, வேகும் நேரமும் சற்றுக் குறையும். ஊறவைக்காமலும் நன்றாகவே வரும்.

இனி அடுப்பு. ஒரு வெங்காயத்தைத் தோலுரித்துப் பாதியாக வெட்டி, ஒரு பாதியின் மேல் பிரிஞ்சி இலையை வைத்துக் கிராம்புகளை ஆணிபோல் குத்திப் பொருத்திவிடுங்கள். இது ஜெர்மானியச் சமையலறையில் வெகுகாலமாக இருக்கும் உத்தி. கடைசியில் அந்த வெங்காயத்தை எடுத்துப் போட்டுவிட்டால் கிராம்பு யார் பல்லிலும் அகப்படாது. மீதியுள்ள ஒன்றரை வெங்காயத்தை மெல்லியதாக அரிந்து, நெய்யில் மிதமான தீயில் கண்ணாடிபோல் ஆகும்வரை வதக்குங்கள்; சிவக்கவிட வேண்டாம். ஊறவைக்காதவர்கள் இப்போது சர்க்கரையைச் சேர்த்து அது உருகி லேசாகப் பொன்னிறமாகும்வரை கிளறலாம். சர்க்கரைக்குப் பதில் வெல்லம் போட்டவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: சில வெல்லம் உப்புக் கரிக்கும், நிறத்தையும் மங்கவைக்கும்.

கோஸை இரண்டு தவணையாகப் போட்டுப் புரட்டுங்கள். முழுவதும் போட்ட உடனே, தண்ணீர் ஊற்றுவதற்கு முன்பாகவே, இரண்டு மேசைக்கரண்டி வினிகரை ஊற்றவேண்டும். ஊறவைக்கும்போதே சேர்த்தவர்கள் இங்கே ஊற்றவேண்டாம். மங்கிய ஊதா நிறம் கண்ணெதிரே செம்பருத்திச் சிவப்பாக மாறும். முழு வினிகரையும் இப்போதே ஏன் ஊற்றக்கூடாது என்றால், புளிப்பு மிகுந்த நீரில் காயின் இழைகளைப் பிணைத்திருக்கும் பெக்டின் எளிதில் கரைவதில்லை. கோஸ் மணிக்கணக்கில் வேகாமல் முரண்டு பிடிக்கும். புளி ஊற்றிய பின் காய் வேகாது என்று நம் வீடுகளில் சொல்வார்களே, அதே விதிதான். ஆகவே நிறத்துக்குப் பாதி முதலில், சுவைக்குப் பாதி கடைசியில்.

பிறகு தோல் சீவிச் சிறு துண்டுகளாக்கிய ஆப்பிள், திராட்சைச் சாறு, தண்ணீர், உப்பு (ஊறவைக்கும்போதே சேர்த்தவர்களுக்கு வேண்டாம்), மிளகு, பட்டை, வால்மிளகு ஆகியவற்றைச் சேர்த்து, கிராம்பு குத்திய வெங்காயத்தை நடுவில் புதைத்து, மூடிபோட்டு, தீயைச் சிம்மில் வையுங்கள். கோஸ் தண்ணீரில் மூழ்கியிருக்கக் கூடாது. பாதி உயரத்துக்குச் சாறு இருந்தால் போதும், மீதியை ஆவி பார்த்துக்கொள்ளும். ஐம்பது நிமிடம் முதல் ஒன்றேகால் மணி நேரம் வரை ஆகலாம். கால் மணிக்கு ஒருமுறை அடியிலிருந்து புரட்டி, சாறு வற்றியிருந்தால் கைப்பிடித் தண்ணீர் தெளியுங்கள். ஓர் இழையை எடுத்துக் கடித்தால் எதிர்ப்பில்லாமல் அறுபட வேண்டும், ஆனால் நாக்கில் வைத்தவுடன் கரையக் கூடாது. ஆப்பிள் துண்டுகள் அடையாளம் தெரியாமல் கரைந்திருக்கவேண்டும்.

குக்கரில் வைக்கலாமா என்ற கேள்வி கட்டாயம் வரும். வைக்கலாம்: ஒரு விசில், பிறகு சிம்மில் ஐந்து நிமிடம், ஆவி தானாக அடங்கும்வரை காத்திருத்தல். ஆனால் குக்கரில் சாறு வற்றாது; திறந்த பின் பத்துப் பதினைந்து நிமிடம் மூடியில்லாமல் கொதிக்கவிட்டுச் சுண்டவைக்கவேண்டும். மெல்ல வேகும்போது வெங்காயமும் ஆப்பிளும் கோஸும் ஒன்றாகிப் போகும் அந்தக் குழைவு குக்கரில் முழுமையாக வருவதில்லை என்பது என் எண்ணம். விருந்துக்கு என்றால் சட்டியிலேயே செய்வேன்.

வெந்ததும் கிராம்பு வெங்காயத்தையும் பட்டையையும் எடுத்துவிட்டு, மூடியைத் திறந்து, சாறு கோஸைப் பூசியதுபோல் ஒட்டும்வரை சுண்டவிடுங்கள். சாறு நீர்த்தே இருந்தால், ஒரு மேசைக்கரண்டி அளவு பச்சை உருளைக்கிழங்கைத் துருவிச் சேர்த்து ஐந்து நிமிடம் கொதிக்கவைப்பது ஜெர்மானியரின் பழைய வழி. அரிசி மாவு கரைத்து ஊற்றினால் கஞ்சி வாடை வரும். இப்போது மீதி வினிகரை ஒவ்வொரு கரண்டியாக ஊற்றி, ஒவ்வொரு முறையும் ருசி பாருங்கள். வினிகரின் வீரியம் புட்டிக்குப் புட்டி வேறுபடுவதால் கண்ணை மூடிக்கொண்டு அளவை நம்பவேண்டாம். புளிப்பு மட்டும் முன்னால் நின்றால் சர்க்கரை, இரண்டும் இருந்தும் சுவை எழவில்லையென்றால் உப்பு. அங்கே சிவப்புக் கரண்ட் என்னும் சிறு பழத்தின் ஜெல்லியை ஒரு கரண்டி சேர்த்து முடிப்பார்கள். நான் திராட்சை ஜாம் அரைக் கரண்டி போடுகிறேன்.

இத்தனைக்குப் பிறகும் நிறம் நீலமாகவே இருந்தால் கலங்கவேண்டியதில்லை. இந்த நிறமாற்றம் பெரும்பாலும் திரும்பக்கூடியது. அரை மூடி எலுமிச்சை பிழிந்து கிளறினால் சிவப்பு மீண்டுவரும். பச்சை தாண்டி மஞ்சளாகும் அளவுக்குக் காரத்தில் நெடுநேரம் வெந்துவிட்டால் மட்டுமே மீட்க வழியில்லை. காய் சீக்கிரம் வேகட்டும் என்று ஆப்பச்சோடா போடுபவர்கள் அந்த இடத்துக்குத்தான் போய்ச் சேர்வார்கள்.

பரிமாறும்போது சூடாக இருக்கவேண்டும், ஆறினால் நெய் உறைந்து வாயில் ஒட்டும். வாத்து வறுவல், மட்டன் சுக்கா போன்ற எண்ணெய் மிதக்கும் கறிகளுக்குப் பக்கத்தில் வையுங்கள். அங்கே உருளைக்கிழங்கு மாவை உருட்டி நீரில் வேகவைத்த ‘குனோடல்’ என்னும் உருண்டைகளோடு உண்பார்கள். சைவர்கள் வேகவைத்த உருளைக்கிழங்கை வெண்ணெயில் புரட்டி, காளான் வறுவலோடு சேர்த்துக்கொள்ளலாம். ரசம் சாதத்துக்கு இது ஒத்துவராது, புளிப்பும் புளிப்பும் மோதும். தயிர்ச்சோற்றுக்கு, ஊறுகாய் அளவில் தொட்டுக்கொள்ள, எதிர்பாராத வகையில் பொருந்துகிறது. ஆம்பூர் பிரியாணிக்குக் கத்தரிக்காயின் இடத்தில் இதை வைக்க ஒருமுறை முயன்றேன். என் வீட்டில் யாரும் கத்தரிக்காயை விட்டுக்கொடுக்க ஒப்பவில்லை, அவர்கள் சொன்னதும் நியாயம்தான்.

கிறிஸ்துமஸ் விருந்துக்குச் சமைப்பவர்கள் முதல்நாள் மாலையிலேயே செய்துவிடுவது நல்லது. ஓர் இரவு கடந்த கோஸில் புளிப்பின் கூர்மை அடங்கி இனிப்போடு கலந்திருக்கும். ஜெர்மானியரும் மறுநாள் சூடாக்கியதையே மெச்சுவார்கள். ஆறியபின் கண்ணாடியிலோ எவர்சில்வரிலோ மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் மூன்று நான்கு நாள் தாங்கும். மறுபடி சூடாக்கும்போது சாறு இறுகியிருக்கும் என்பதால் இரண்டு மேசைக்கரண்டி தண்ணீர் தெளித்து, மூடிபோட்டு, மெல்லிய தீயில் வையுங்கள். அந்த இரண்டு கரண்டியும் போர்த் தண்ணீராக இருக்கவேண்டாம்.